குளிர் நாட்டில் ஆளுயரப் பூச்செடிகளைத் தொட்டியில் வளர்க்க முடியுமா? குளிர்காலத்தில் அவற்றை என்ன செய்வது?

வளர்க்க முடியும். கனடாவின் ஒட்டாவா நகரில், தோட்டம் போட நிலமில்லாத ஒரு வரிசை வீட்டின் பின்புற மரத்தளத்தில், ஒன்பது ஆண்டுகளாக லில்லி, டேலியா, டெல்பினியம் ஆகிய மூன்றையும் தொட்டிகளிலேயே வளர்த்து வருகிறேன். உங்கள் கேள்வி உயரத்தை முன்வைக்கிறது. ஆனால், உயரத்தைச் சமாளிக்க நான்கு கழிகளும் கொஞ்சம் கயிறும் போதும். செடியை வாங்குவதற்கு முன்பே, அதன் வேர் குளிர்காலத்தை எங்கே கழிக்கப் போகிறது என்று முடிவு செய்வதுதான் முக்கியம்.

இதைப் பாடமாகக் கற்றது முதல் ஆண்டில்தான். எந்தச் செடி எந்த ஊரின் குளிரைத் தாங்கும் என்று காட்டும் இங்குள்ள தாவர வரைபடத்தில் ஒட்டாவா 5ஆம் மண்டலத்தில் இருக்கிறது; மண்டல எண் குறையக் குறையக் குளிர் கூடும். நான் வாங்கிய லில்லிக் கிழங்குகளின் உறையிலோ 4ஆம் மண்டலம் வரை தாங்கும் என்று அச்சிட்டிருந்தார்கள். அதை நம்பி, தொட்டியை வெளியிலேயே விட்டுவிட்டேன். அந்தக் கணக்கு நிலத்தில் நட்ட செடிக்கு உரியது என்பது அப்போது எனக்குத் தெரியாது. நிலத்தில் உள்ள வேருக்கு மேலே பனி போர்வையாகக் கிடக்கிறது, கீழே மண்ணின் வெப்பம் இருக்கிறது. வெளியே சுழியத்துக்குக் கீழே 25 பாகை செல்சியஸ் என்றாலும் வேரைச் சுற்றி அவ்வளவு குளிர் இறங்குவதில்லை. தொட்டிக்கு அந்தப் பாதுகாப்பு கிடையாது. எல்லாப் பக்கமும் காற்று அடிப்பதால், உள்ளே இருக்கும் மண் ஏறக்குறைய வெளிக்காற்றின் குளிரையே அடைந்துவிடுகிறது. வசந்தத்தில் தோண்டிப் பார்த்தபோது கிழங்குகள் கூழாகிக் கிடந்தன. சுடுமண் தொட்டியும் மேலிருந்து கீழாகப் பிளந்திருந்தது, ஏனெனில் நீர் உறையும்போது ஏறத்தாழ 9 விழுக்காடு விரிகிறது. எனவே, வெளியிலேயே விடுவதானால் உங்கள் மண்டலத்தைவிட இரண்டு மண்டலம் கூடுதலாகக் குளிர் தாங்கும் செடியையே தேர்ந்தெடுங்கள். தொட்டி நெகிழியாகவோ மரமாகவோ இருக்கட்டும்.

இப்போது என் லில்லித் தொட்டிகள், வெப்பமூட்டாத கராஜில், வீட்டுச் சுவரை ஒட்டி, பழைய கம்பளம் சுற்றப்பட்டு, நவம்பர் முதல் ஏப்ரல் வரை நிற்கின்றன. மண் முற்றிலும் காய்ந்துவிடாதபடி மாதம் ஒருமுறை சிறிது நீர் விடுகிறேன். பரிதாபப்பட்டு வரவேற்பறைக்குள் எடுத்து வந்துவிடாதீர்கள். சில வாரக் குளிர் உறக்கம் இல்லாவிட்டால் லில்லி ஒழுங்காகப் பூக்காது. நடும்போது கிழங்கின் மேல் 15 சென்டிமீட்டர் மண் இருக்க வேண்டும். கிழங்குக்கு மேலே தண்டிலிருந்தும் வேர்கள் விடும் என்பதால், அந்த மண்தான் நெடிய தண்டுக்கு ஊட்டமும் பிடிமானமும் தருகிறது. வீட்டில் பூனை இருந்தால் லில்லியே வேண்டாம். அதன் மகரந்தம்கூடப் பூனைக்கு நஞ்சு.

லில்லியின் மீது எனக்குள்ள சாய்வுக்கு ஊர்ப்பற்றும் ஒரு காரணம். இங்குள்ள அரசு வேளாண் ஆய்வுப் பண்ணையான மத்திய சோதனைப் பண்ணையில் 1920 முதல் 1946 வரை பணியாற்றிய இசபெல்லா பிரெஸ்டன், குளிர் தாங்கும் லில்லி வகைகளைக் கலப்பினமாக உருவாக்கி, ஒரு தொகுதிக்கு அப்பண்ணையின் சுருக்கெழுத்துப் பெண்களின் பெயர்களையே சூட்டினார்.

டேலியாவின் கதை வேறு. மெக்சிகோவில் பிறந்த அந்தக் கிழங்கு உறைபனியை ஒரு நாளும் தாங்காது. இலையுதிர் காலத்தின் முதல் உறைபனியில் இலைகள் கருகியதும், தண்டை ஒரு சாண் விட்டு வெட்டி, தொட்டியோடு நிலவறைக்குக் கொண்டுபோய், நீர் விடாமல் வைத்துவிடுகிறேன். அங்கே 5 முதல் 8 பாகை வரை இருப்பது நல்லது. அதற்கு மேல் சூடானால் கிழங்கு சுருங்கும். கோடையில் செடி ஒரு முழ உயரம் வந்ததும் நுனியைக் கிள்ளினால் பக்கக் கிளைகள் பெருகும். லில்லியின் நுனியைக் கிள்ளினால் அந்த ஆண்டு பூவே இல்லை, குழப்பிக்கொள்ள வேண்டாம்.

டெல்பினியம் குளிருக்கு அஞ்சாது, தொட்டி மண் சூடாவதற்குத்தான் அஞ்சும். காலை வெயில் மட்டும் படும் இடத்தில் வையுங்கள். முதல் பூங்கதிர் முடிந்ததும் அதை வெட்டிவிட்டால், கோடையின் கடைசியில் சிறியதாக இன்னொரு முறை பூக்கும்.

டேலியாவுக்குச் செடி ஒன்றுக்கு 40 லிட்டர் தொட்டி வேண்டும். ஈரக் கலவையோடு அது ஏறக்குறைய 40 கிலோ எடை வரும் என்பதால் சக்கரப் பலகை இல்லாமல் நகர்த்த முடியாது. எடை குறைந்த கலவையைத் தேடாதீர்கள், ஏனெனில் காற்றில் பாய்மரமாகிவிடும் செடியைக் கவிழாமல் காப்பது அந்த எடைதான். முட்டுக்கழியை நடும்போதே ஊன்றிவிடுங்கள். பிறகு ஊன்றினால் கிழங்கைத் துளைக்கும். உரத்தில் தழைச்சத்து மிகுந்தால் தண்டு நீண்டு நலியும். தக்காளிக்கு இடும் உரமே போதுமானது.

ஏப்ரலில் வெயில் வந்தவுடன் டேலியாவை வெளியே வைக்கத் தோன்றும். ஒட்டாவாவில் மே மாதம் 24ஆம் தேதியை ஒட்டி வரும் விக்டோரியா தினம் என்ற விடுமுறை நாள் வரை பொறுத்திருப்பது வழக்கம். அதுவரை நான் பகலில் வெளியே தள்ளி, இரவில் உள்ளே இழுத்துக்கொள்கிறேன்.