ஹமீது, ஹாமித்: இரண்டும் ஒரே பெயரா?

கேள்வி: இரண்டு மாதக் கைக்குழந்தையான எங்கள் மகனுக்கு என் மாமனாரின் பெயரான ‘ஹமீது’ என்பதையே வைக்க விரும்புகிறோம். அது இறைவனின் பெயர், ‘அப்துல்’ சேர்க்காமல் வைக்கக் கூடாது என்கிறார் ஓர் உறவினர். ‘ஹாமித்’ என்று வையுங்கள், இரண்டும் ஒன்றுதான் என்கிறார் இன்னொருவர். பிறப்புச் சான்றிதழில் எப்படி எழுதுவது?

பதில்: இரண்டும் ஒன்றல்ல. ஹா, மீம், தால் என்ற மூன்றெழுத்து வேர்தான் இரண்டுக்கும் பொது. புகழ்வதைக் குறிப்பது அது. முஹம்மது, அஹ்மது, மஹ்மூது எல்லாம் அந்த வேரில் கிளைத்தவையே. ஆனால் அரபியில் நெடில் எங்கே விழுகிறது என்பதைப் பொறுத்துப் பொருள் மாறிவிடும். முதல் எழுத்தை நீட்டி ‘ஹாமித்’ என்றால் புகழ்பவர். இரண்டாவதை நீட்டி ‘ஹமீத்’ என்றால் புகழுக்குரியவர். நம் ஊர்ப் பள்ளிவாசலில் இருப்பவர் ஆலிம், அதாவது கற்றறிந்தவர்; ‘அலீம்’ என்றால் யாவும் அறிந்தவன். அதே வேறுபாடுதான் இங்கும்.

இந்தக் குழப்பத்துக்கு ஆங்கில எழுத்துக்கூட்டலும் ஒரு காரணம். ஆப்கானிஸ்தானின் முன்னாள் அதிபர் கர்சாய், ஹாமித். 1876 முதல் 1909 வரை உஸ்மானியப் பேரரசை ஆண்ட சுல்தான் இரண்டாம் அப்துல் ஹமீது, ஹமீத். ஆங்கிலச் செய்தித்தாளில் இருவருக்கும் அதே ஐந்தெழுத்துதான்.

‘அப்துல்’ பற்றி உறவினர் சொல்வதில் பாதி சரி. ‘அல்-ஹமீத்’ இறைவனின் திருநாமங்களில் ஒன்று. ஆனால் ‘அல்லாஹ்’, ‘ரஹ்மான்’ போல அவனுக்கு மட்டுமே உரியதாக அறிஞர்கள் கருதும் பெயர்களின் வரிசையில் அது வராது. குர்ஆனின் ஒன்பதாம் அத்தியாயத்தில் நபிகளாரையே ‘ரஊஃப்’, ‘ரஹீம்’ என்று சொல்லும் வசனம் உண்டு. அவ்விரண்டும் இறைவனின் பெயர்களாகவும் வருபவை. ஆகவே தனியாக ‘ஹமீது’ என்று வைப்பதில் தடையில்லை என்பதே பரவலான கருத்து. தமிழகத்தில் இந்தப் பெயரை வீட்டுக்கு வீடு கொண்டுசேர்த்தவர் பதினாறாம் நூற்றாண்டில் வாழ்ந்த நாகூர் சாகுல் ஹமீது ஆண்டகை. உங்கள் மாமனாரின் பள்ளிச் சான்றிதழில் ‘சாகுல் ஹமீது’ என்று இருந்தாலும் வியப்படைய மாட்டேன். ஒருமுறை பார்த்துவிடுங்கள்.

அப்துல் சேர்ப்பதானால் ஒரு நிபந்தனை: பிரிக்காதீர்கள். அது ‘அப்து’ என்ற சொல்லும் ‘அல்’ என்ற சுட்டும் ஒட்டியது. ‘இன்னாரின் அடியான்’ என்பதில் இன்னார் யாரென்று சொல்லாமல் அந்தரத்தில் நிற்பது. பாஸ்போர்ட்டில் ‘அப்துல்’ முதற்பெயராகவும் ‘ஹமீது’ குடும்பப்பெயராகவும் பிரிந்துவிட்டால், வளைகுடா அலுவலகங்களில் பையன் வாழ்நாள் முழுக்க ‘மிஸ்டர் அப்துல்’தான். ஆங்கிலத்தில் இடைவெளி விடாமல் ஒரே சொல்லாக எழுதுங்கள்.

என் தேர்வு வெறும் ‘ஹமீது’. தாத்தாவின் பெயர் அதுதான் என்றால் அதை ஏன் ஹாமித் ஆக்க வேண்டும்? கடைசியில் வரும் உகரத்தைப் பற்றிக் கவலை வேண்டாம். வல்லின மெய்யில் முடியும் சொல்லைத் தமிழ் நாக்கு அப்படித்தான் முடிக்கும், முகமது, அகமது போல. ஆங்கிலத்தில் மட்டும் ‘எம்’ எழுத்துக்குப் பிறகு ‘ஐ’ வேண்டாம், இரண்டு ‘இ’ போடுங்கள். அப்போது யாரும் ஹாமித் என்று வாசிக்க மாட்டார்கள்.

அவசரமும் இல்லை. பெயரில்லாமல் பிறப்பைப் பதிந்திருந்தால் 12 மாதங்கள் வரை கட்டணமின்றிப் பெயரைச் சேர்க்கலாம். அதன்பின் தாமதக் கட்டணத்துடன் 15 ஆண்டுகள் வரை இடமுண்டு. பதிந்த பெயரை மாற்றுவதுதான் அலைச்சல். எனவே விண்ணப்பத்தில் தமிழ், ஆங்கிலம் இரண்டையும் நீங்களே தெளிவாக எழுதிக் கொடுங்கள். ஊழியரின் காதுக்கு விட்டுவிடாதீர்கள்.