எண் ஏறியதும் இறங்கியதும்

அன்புள்ள ஆசிரியருக்கு,

2032 டிசம்பரில் 2024 ஒய்ஆர்4 என்ற சிறுகோள் பூமியில் மோத 1 சதவீத வாய்ப்பு என்றார்கள். பிறகு 3 என்றார்கள். அடுத்த சில நாட்களிலேயே ஆபத்தில்லை என்றார்கள். ஏழாவது படிக்கும் என் மகள் அப்போது சரியாகத் தூங்கவில்லை. உறுதியான பிறகு சொன்னால் போதாதா?

கே.

அன்புள்ள கே.,

மகளின் பயம் நியாயமானது. ஆனால் எண்கள் மாறியது தடுமாற்றத்தால் அல்ல. 2024 டிசம்பர் 27 அன்று சிலியிலுள்ள அட்லஸ் தொலைநோக்கி அதைக் கண்டபோது, அது பூமியைக் கடந்து விலகிக்கொண்டிருந்தது. சில நாள் அளவீட்டை வைத்து எட்டு ஆண்டு தள்ளிக் கணக்கிட்டால், அது இருக்கக்கூடிய இடம் ஒரு புள்ளியாகக் கிடைக்காது. மிக நீண்ட ஒரு கோடாகத்தான் கிடைக்கும். பூமியும் அந்தக் கோட்டில் இருந்தது. அளக்க அளக்கக் கோடு சுருங்கும். பூமி உள்ளேயே இருக்கும்வரை, மிச்சக் கோட்டில் அதன் பங்கு கூடும். 3.1 சதவீதம் வரை ஏறியது இப்படித்தான். பிப்ரவரி கடைசியில் கோடு மேலும் சுருங்கியபோது பூமி அதற்கு வெளியே வந்துவிட்டது. அபோபிஸ் சிறுகோளுக்கும் 2004இல் இதே கதைதான். அது 2029 ஏப்ரல் 13 அன்று சுமார் 32,000 கிமீ உயரத்தில் கடந்துபோகும், மோதாது.

மூடிவைத்திருந்தால் அந்த உறுதியே கிடைத்திருக்காது. அறிவிப்பைப் பார்த்துத்தான் பல நாட்டு வானியலாளர்கள் தொலைநோக்கிகளை அதன் பக்கம் திருப்பினார்கள்.

என் கவலையெல்லாம் செய்தியில் வராத கற்களைப் பற்றித்தான். 2013 பிப்ரவரி 15 காலை, ரஷ்யாவின் செல்யாபின்ஸ்க் நகரத்துக்கு மேலே சுமார் 20 மீட்டர் கல் ஒன்று வெடித்தது. சூரியன் இருந்த திசையிலிருந்து வந்ததால் யாரும் முன்பே பார்க்கவில்லை. வெளிச்சத்தைக் கண்டு மக்கள் ஜன்னலருகே ஓடினார்கள். ஓரிரு நிமிடம் கழித்து வந்த அதிர்வலை கண்ணாடிகளை நொறுக்கியது. சுமார் 1,500 பேருக்குக் காயம். அங்கே ஓர் ஆசிரியை பிள்ளைகளை மேசைக்கடியில் பதுங்கச் சொன்னார். அவருக்கு வெட்டுக்காயம், பிள்ளைகளுக்கு ஒன்றும் ஆகவில்லை.

கல்லைத் தள்ளிவிட நமக்குத் தெரியும். 2022 செப்டம்பரில் நாசாவின் டார்ட் விண்கலம் பெரிய சிறுகோள் ஒன்றைச் சுற்றிவரும் 160 மீட்டர் டைமார்ஃபாஸ் என்ற கல்லில் மோதி, அது ஒருமுறை சுற்றிவரும் நேரத்தை அரைமணிக்கு மேல் குறைத்துக் காட்டியது. ஆனால் பல ஆண்டு முன்பே தெரிந்தால்தான் தள்ள முடியும். பூமியருகே வரக்கூடிய 140 மீட்டருக்கு மேற்பட்ட கற்களில் பாதிகூட இன்னும் கண்டுபிடிக்கப்படவில்லை என்பதே கணிப்பு. அதனால்தான் வெப்பக்கதிரில் தேடப்போகும் நியோ சர்வேயர் போன்ற தொலைநோக்கிகளுக்குப் பணத் தட்டுப்பாடு வரக்கூடாது என்கிறேன்.

மகளிடம் இதையெல்லாம் சொல்லுங்கள். வானில் பெரிய வெளிச்சம் தெரிந்தால் ஜன்னலைவிட்டு விலகிப் படுக்க வேண்டும் என்பதையும் சேர்த்துச் சொல்லுங்கள்.