தொன்யாட்ஸியின் தொலைக்காட்சி ஆண்டுகள்

அன்புள்ள ஆசிரியருக்கு,

உங்கள் கட்டுரையைப் படித்தபின் இத்தாலிய நடிகர் உகோ தொன்யாட்ஸியின் ‘லா காஜ் ஓ ஃபோல்’ படத்தைப் பார்த்தேன். மிகவும் பிடித்திருந்தது. ஆனால் அவருடைய பழைய தொலைக்காட்சித் துணுக்குகள் மேலோட்டமான கேலியாகவே தோன்றின. 1959இல் அவருடைய தொலைக்காட்சி நிகழ்ச்சி நிறுத்தப்பட்டதால்தான் நல்ல நடிகர் ஒருவர் உருவானார் என்று சொல்லலாமா?

எஸ்.

அன்புள்ள எஸ்.,

அப்படிச் சொல்ல என்னால் இயலாது. நிறுத்தம் அவரை முழுமையாகத் திரைப்படத்தின் பக்கம் திருப்பியது உண்மை. ஆனால் அங்கே அவர் கொண்டுசென்ற கலை தொலைக்காட்சியில் கைகூடியதுதான்.

1922இல் க்ரெமோனாவில் பிறந்து, இளமையில் அவ்வூர் இறைச்சித் தொழிற்சாலையொன்றில் கணக்கெழுதி, பின்னர் ஆடலும் பாடலும் நகைச்சுவையும் கலந்த மேடைக்கு வந்தவர் அவர். இத்தாலியின் அரசுத் தொலைக்காட்சியான ராய் 1954 ஜனவரியில் ஒளிபரப்பைத் தொடங்கிய அதே மாதத்தில் ‘உன், துவே, த்ரே’ நிகழ்ச்சியும் தொடங்கியது. அதில் அவரும் நகைச்சுவை நடிகர் ரைமோந்தோ வியனெல்லோவும் இணைந்து, தொலைக்காட்சி தன்னை எவ்வளவு பெரிதாக எண்ணிக்கொள்கிறது என்பதையே பகடி செய்தார்கள். ஒரு துணுக்கில் வியனெல்லோ மலைநாட்டு மரவேலைக்காரர் ஒருவரைப் பேட்டி காண்கிறார். முழு மரத்தைச் செதுக்கிச் செதுக்கி ஒரே ஒரு பல்குத்தும் குச்சி செய்வது அவர் தொழில். அந்த மனிதராக வரும் தொன்யாட்ஸி நம்மைச் சிரிக்கவைக்க முயல்வதே இல்லை. தன் தொழிலில் அவருக்குள்ள பெருமிதம் அப்பழுக்கற்றது. இதை மேலோட்டமான கேலி என்று நான் கருதமாட்டேன்.

1959 ஜூனில், மிலானின் லா ஸ்காலா அரங்கில் பிரெஞ்சு அதிபர் தெ கோலின் அருகே அமரப்போன இத்தாலியக் குடியரசுத் தலைவர் க்ரோங்கி நாற்காலி தவறிக் கீழே விழுந்தார். தொன்யாட்ஸியும் வியனெல்லோவும் அதைத் தங்கள் நிகழ்ச்சியில் நடித்துக் காட்டினார்கள், நிகழ்ச்சி நிறுத்தப்பட்டது.

இரண்டு ஆண்டுகள் கழித்து லுச்சியானோ சால்ச்சே இயக்கிய ‘இல் ஃபெதராலே’ படம் வந்தது. 1944இல், முசோலினியின் கட்சியை மனமார நம்பும் ஆர்க்கோவாட்ஸி (தொன்யாட்ஸி) என்ற ஆள், அக்கட்சியை எதிர்க்கும் பேராசிரியர் ஒருவரைப் பிடித்து ரோமுக்கு இட்டுச்செல்கிறான். தான் ஏங்கிய பதவியின் சீருடையை ஒருவழியாக அணிந்துகொண்டு அவன் ரோமை அடையும்போது அமெரிக்கப் படை நகருக்குள் வந்துவிட்டிருக்கிறது. கூட்டம் அவனை அடிக்கிறது. பல்குத்தும் குச்சி செய்தவரின் அதே பெருமிதம்தான் இங்கும். ஆனால் இம்முறை அதற்கு வரலாறு விலை கேட்கிறது. 1981இல் இயக்குநர் பெர்தொலூச்சியின் படத்தில், மகன் கடத்தப்பட்ட பாலாடைக்கட்டித் தொழிற்சாலை முதலாளியாக நடித்துக் கான் திரைப்பட விழாவில் சிறந்த நடிகர் விருது பெற்றபோதும், தன் நிலைமையைத் தானே அறியாத மனிதர்களின் மீது அவருக்கிருந்த பரிவையே நான் கண்டேன்.

நீங்கள் விரும்பிய படத்திற்கு வருகிறேன். அதில் தொன்யாட்ஸியின் ஆண் இணையராக வரும் மிஷேல் செரோ கூச்சலிட்டு, அழுது, மயங்கி விழுகிறார். தொன்யாட்ஸி நடித்த ரெனாட்டோ பெரும்பாலும் பொறுமையாகக் கவனித்துக்கொண்டிருக்கிறார். தொலைக்காட்சியில் அந்த நிதானம் வியனெல்லோவுடையது, துள்ளல் தொன்யாட்ஸியுடையது. ரொட்டியில் வெண்ணெய் தடவும்போதும் ஆண்மிடுக்கு வேண்டும் என்று ரெனாட்டோ செரோவுக்குக் கற்றுக்கொடுக்கும் காட்சியை மறுபடி பாருங்கள். சிரிப்பு முழுவதையும் உடன்நடிப்பவருக்கு விட்டுக்கொடுத்து, அவர் மீதான அன்பை மட்டும் முகத்தில் வைத்துக்கொள்ளத் தெரிந்த நடிகர் அங்கே இருக்கிறார்.