பாட்டியும் பேத்தியும் சேர்ந்து சிரிக்க

கேள்வி: பள்ளி ஆண்டு விழாக்களுக்கு நகைச்சுவை நாடகங்கள் எழுதித் தருகிறேன். குழந்தைகளும் குடும்பமும் பார்க்கும் தொலைக்காட்சி காமெடிக்கு எழுதுவதே தொழிலாக வேண்டும் என்று ஆசை. வீட்டில் வங்கித் தேர்வு எழுதச் சொல்கிறார்கள். என்ன செய்வது?
- வாசகி, திருநெல்வேலி

பதில்: தேர்வை எழுதுங்கள், நாடகத்தையும் விடாதீர்கள். கிரேஸி மோகன் கிண்டியில் பொறியியல் படித்து, வேலை பார்த்துக்கொண்டே எழுதியவர். 1976-இல் எஸ்.வி. சேகருக்கு நாடகம் எழுதினார். 1979-இல் சொந்தக் குழு தொடங்கினார். சினிமாவெல்லாம் அதற்குப் பிறகுதான்.

உங்கள் ஆண்டு விழா மேடையை நினைத்தால் எனக்குப் பொறாமையாக இருக்கிறது. நான் எழுதும் எபிசோடுக்கு எந்த வீட்டில் யார் சிரித்தார்கள் என்று எனக்குத் தெரியாது. உங்களுக்குக் கண்ணெதிரே தெரிகிறது. ஓரமாக நின்று, குழந்தைகள் மட்டும் சிரித்த இடம், பெரியவர்கள் மட்டும் சிரித்த இடம், இருவரும் பக்கத்திலிருப்பவரிடம் பேசத் தொடங்கிய இடம் எல்லாவற்றையும் பிரதியில் குறித்துக்கொள்ளுங்கள்.

அமெரிக்காவின் 'செசமி ஸ்ட்ரீட்' என்ற குழந்தைகள் தொலைக்காட்சி நிகழ்ச்சியின் குழு இதைத்தான் செய்தது. 1969 ஜூலையில், ஒளிபரப்புக்கு முன்பே, சோதனை நிகழ்ச்சிகளைக் குழந்தைகளுக்குக் காட்டினார்கள். தொலைக்காட்சிக்குப் பக்கத்தில் ஏழரை விநாடிக்கு ஒரு ஸ்லைடு மாறிக்கொண்டிருக்கும். குழந்தையின் கண் எப்போது ஸ்லைடு பக்கம் போகிறது என்று அந்தக் குழுவின் ஆய்வாளர் எட்வர்ட் பால்மர் கவனித்தார். பொம்மைகள் வரும்போது கண் அசையவில்லை. நிகழ்ச்சியின் கதை நடக்கும் தெருவில் மனிதர்கள் மட்டும் பேசும் காட்சிகளில் விலகியது. கற்பனையையும் நிஜத்தையும் கலக்கக் கூடாது என்று நிபுணர்கள் சொல்லியிருந்தார்கள். அதையும் மீறிப் பொம்மைகளைத் தெருவுக்கே கொண்டுவந்தார்கள். 'பிக் பேர்ட்' என்ற பெரிய மஞ்சள் பறவைப் பொம்மை அப்படிப் பிறந்ததுதான்.

ஒன்றை மட்டும் மன்றாடிக் கேட்கிறேன். குண்டு, கறுப்பு, திக்குவாய் என்று உடம்பை வைத்துச் சிரிப்பு வாங்காதீர்கள். அப்படியொரு குழந்தை தன் அண்ணன் தம்பிகளோடு அமர்ந்து அதைப் பார்த்துக்கொண்டிருக்கும். மறுநாள் வகுப்பில் அந்த வசனம் அதன் பட்டப்பெயராகிவிடும். பிடிவாதம், பயம், சின்னச் சின்னப் பேராசை, அப்பாவின் வீறாப்பு என்று குணத்திலிருந்து எழுதுங்கள். அது பாட்டிக்கும் புரியும், பேத்திக்கும் புரியும்.

வாய்ப்புக் கேட்டுப் போகும்போது கதைச்சுருக்கம் மட்டும் போதாது. வசனத்தோடு முழுதாக எழுதிய ஓர் எபிசோடையும் கொண்டுபோங்கள். உதவி வசனகர்த்தாவாகச் சேரச் சொன்னால் தயங்காமல் சேருங்கள். ஆனால் எபிசோடுக்கு எவ்வளவு, திரையில் பெயர் வருமா என்ற இரண்டையும் முதல் நாளே எழுத்தில் வாங்கிக்கொள்ளுங்கள்.