மம்மி போல உடலைச் சுற்றிக் கட்டுவது ஆபத்தா?

கேள்வி: எனக்கு வயது 31, கணவருக்கு 35. எகிப்து மம்மியைப் போல உடம்பு முழுக்கச் சுற்றிக் கட்டப்பட்டு அசையாமல் கிடப்பது அவருக்குப் பிடிக்கிறது. தாம்பத்தியத்தில் இதுவும் ஒன்று என்கிறார். நானும் சம்மதித்து, சாப்பாட்டை மூடும் மெல்லிய பிளாஸ்டிக் தாளால் மூன்று முறை சுற்றினேன். போன முறை அவிழ்த்ததும் அவருடைய வலது மணிக்கட்டைத் தூக்க முடியவில்லை, கை தொங்கிவிட்டது. இரண்டு நாளில் சரியானது. இது மனநோயா? தொடரலாமா? பயமாக இருக்கிறது.

பதில்: முதலில் கையைப் பற்றிச் சொல்கிறேன், ஏனென்றால் அது ஓர் எச்சரிக்கை. மணிக்கட்டையும் விரல்களையும் மேலே தூக்க வைப்பது ரேடியல் நரம்பு. அது மேல்கை எலும்பின் பின்புறத்தை ஒட்டி வளைந்து இறங்குகிறது. அந்த இடத்தில் வெகுநேரம் அழுத்தம் விழுந்தால் நரம்பு தற்காலிகமாகச் செயலிழந்துவிடும். குடித்துவிட்டு நாற்காலியின் கைப்பிடியில் கையைப் போட்டுத் தூங்கியவர்கள் காலையில் இதே தொங்கும் கையோடு வருவதுண்டு. உங்கள் கணவருக்கு இரண்டு நாளில் மீண்டது நல்லகாலம். சிலருக்கு வாரக்கணக்கில், ஏன், மாதக்கணக்கில்கூட ஆகும். பிளாஸ்டிக் தாளில் ஒரு சுற்று இறுக்கமாகத் தெரியாது. அதன்மேல் விழும் ஒவ்வொரு சுற்றும் அழுத்தத்தைக் கூட்டிக்கொண்டே போகும். மரத்துப்போவது, ஊசி குத்துவது போன்ற உணர்வு ஆகியவைதான் முதல் அறிகுறிகள். அது வந்தால் உடனே வெட்டிவிட வேண்டும். இன்னமும் கையில் பலவீனம் இருந்தால் நரம்பியல் மருத்துவரிடம் காட்டுங்கள்.

நரம்பைவிட நான் அதிகம் அஞ்சுவது வெப்பத்துக்கும் மூச்சுக்கும். எகிப்தில் ஓர் உடலைப் பதப்படுத்த 70 நாள் எடுத்துக்கொண்டார்கள். நுரையீரல், கல்லீரல், இரைப்பை, குடல் ஆகியவற்றை வெளியே எடுத்தார்கள். சலவைச் சோடாவும் சமையல் சோடாவும் கலந்தது போன்ற நேட்ரான் என்ற இயற்கை உப்பில் சுமார் 40 நாள் உடலை மூடி, ஈரம் முழுவதையும் வற்ற வைத்தார்கள். அதன் பிறகுதான் லினன் துணிப் பட்டைகளைச் சுற்றினார்கள். ஈரம் இருந்தால் உடல் அழுகும் என்று அவர்களுக்குத் தெரியும். உயிருள்ள உடம்பு அப்படி வற்றியதல்ல, அது வியர்த்துக்கொண்டே இருப்பது. நம் ஊர்க் கோடையில் உடல் சூட்டைத் தணிக்கும் முக்கிய வழியே வியர்வை ஆவியாவதுதான். பிளாஸ்டிக் அதை அடைத்துவிடுகிறது. சூடு உள்ளேயே ஏறும். தலைவலி, குமட்டல், பேச்சில் குழப்பம் வந்தால் வெட்டியெடுத்து, ஈரத்துணி போட்டு, மின்விசிறியைச் சுழலவிட்டு, 108-ஐ அழையுங்கள்.

மூக்கும் வாயும் திறந்திருந்தால் போதும் என்று பலர் நினைக்கிறார்கள். அது தவறு. மூச்சு உள்ளே போக விலா எலும்புகள் விரிய வேண்டும், வயிறு எழும்ப வேண்டும். நெஞ்சையும் வயிற்றையும் இறுக்கினால் திறந்த மூக்கால் பயனில்லை. கவிழ்ந்து படுத்தால் இன்னும் மோசம். நின்றபடி சுற்றுவதும் கூடாது. கால் தசைகள் அசையாவிட்டால் ரத்தம் காலிலேயே தேங்கி மயக்கம் வரும். விழும்போது ஊன்றக் கை இருக்காது, தலைதான் தரையில் மோதும்.

மனநோயா என்று கேட்டிருந்தீர்கள். இல்லை. உலக சுகாதார நிறுவனத்தின் நோய்ப் பட்டியலின் 11-ஆம் பதிப்பு 2022-இல் நடைமுறைக்கு வந்தது. சம்மதத்தோடு இருவர் வைத்துக்கொள்ளும் இத்தகைய விருப்பத்தை, அது ஒன்றை மட்டும் வைத்து நோயாகக் கொள்வதில்லை. கைக்குழந்தையைத் துணியில் சுற்றினால் அழுகை அடங்குவதைப் பார்த்திருப்பீர்கள். பெரியவர்களிலும் சிலருக்கு உடல் முழுதும் படும் அழுத்தம் நிம்மதி தருகிறது. அவரை வெட்கப்பட வைக்காதீர்கள்.

ஆனால் பிளாஸ்டிக் வேண்டாம் என்பது என் உறுதியான கருத்து. பழைய பருத்தி வேட்டி போதும். தளர்வாக, கழுத்தையும் நெஞ்சையும் விட்டுவிட்டு, மெத்தையில் மல்லாந்த நிலையில் சுற்றுங்கள். கைகளை வெளியே விட்டுவிடலாம். முனை மழுங்கிய பாண்டேஜ் கத்தரி உங்கள் கையிலேயே இருக்கட்டும். அவர் கையில் ஒரு சாவிக்கொத்தைக் கொடுங்கள், அது விழுந்தால் நிறுத்த வேண்டும் என்று பேசிவைத்துக்கொள்ளுங்கள். கதவு தட்டினாலும் அறையை விட்டுப் போகாதீர்கள். மது, தூக்க மாத்திரை எடுத்த நாளில் கூடவே கூடாது. இத்தனை நிமிடம் பாதுகாப்பு என்று எந்த மருத்துவராலும் எண் சொல்ல முடியாது. அப்புறம், தனியாக அவர் முயலவே கூடாது. தடய மருத்துவத்தில் நாங்கள் படித்த மரணங்களில் அவிழ்த்துவிட ஆளில்லாமல் போனவை உண்டு.

உங்கள் பயத்தை அவரிடம் சொல்லிவிட்டீர்களா? கட்டுகிறவருக்கும் சம்மதம் வேண்டும். பிடிக்கவில்லை என்றால் மறுப்பதற்கு வேறு காரணம் தேவையில்லை. அவருக்கு ஆஸ்துமா, இதயக் கோளாறு, வலிப்பு, சர்க்கரை உண்டா என்று நீங்கள் எழுதவில்லை. ஏதாவது இருந்தால் வேட்டியும் வேண்டாம், முதலில் அவருடைய மருத்துவரை நேரில் பாருங்கள்.