குட்டியை விழுங்கிய மலைப்பாம்பு: பட்டியைச் சுற்றிக் குருணை போடலாமா?

கேள்வி: கேரளத்தில் கொழிஞ்சாம்பாறை பக்கம் வாய்க்காலை ஒட்டி எங்கள் தென்னந்தோப்பு. வெள்ளாடு, நாட்டுக்கோழி, ஒரு நாய் வைத்திருக்கிறேன். போன வாரம் விடியற்காலை ஆட்டுப்பட்டிக்குள் ஒரு மலைப்பாம்பு வயிறு புடைத்துக் கிடந்தது. ஒரு மாதக் குட்டியைக் காணோம். வனத்துறை ஆள் வந்து பிடித்துக்கொண்டு போனார். பேரப்பிள்ளைகள் ராத்திரி திண்ணையில்தான் படுக்கிறார்கள். மனுசரை விழுங்குமா ஐயா? நாய்க்கு ஆபத்தா? பட்டியைச் சுற்றிப் போடச் சொல்லி பூச்சி மருந்துக்கடையில் குருணை மருந்து கொடுத்தார்கள், போடலாமா?

பதில்: அம்மா, முதலில் அந்தக் குருணையை எடுத்து வையுங்கள். அது போரேட் என்ற பூச்சிக்கொல்லி என்றால் 2020 டிசம்பர் 31 முதல் நாடு முழுக்கத் தடை செய்யப்பட்ட நஞ்சு. பாம்பு அதற்கு விலகாது. உங்கள் கோழி கொத்தும், ஆடு நக்கும், பிள்ளை கையில் எடுக்கும். பாம்பு விரட்டி என்று விற்கும் பொடி, பூச்சி உருண்டை, பினாயில் எதுவும் பாம்பைத் தடுக்காது. பயந்து வருகிறவரிடம் நஞ்சை விற்கும் கடைக்காரரிடம் இனி விதைகூட வாங்காதீர்கள்.

நம் மலைப்பாம்புக்கு விஷம் கிடையாது. மனிதரை விழுங்கியதாக வரும் செய்திகள் பெரும்பாலும் இந்தோனேசியாவில் நடந்தவை. அங்கே உள்ளது வேறு இன மலைப்பாம்பு, இதைவிட நீளமானது. நம்முடையது மிதித்தால், பிடிக்கப் போனால் கடிக்கும். பல் உள்நோக்கி வளைந்திருப்பதால் கையை இழுத்தால் சதை கிழியும். கைக்குழந்தையை மட்டும் தோப்பில் தனியே தரையில் விடாதீர்கள். நாய்க்கு ஆபத்து சங்கிலியில்தான். அவிழ்த்துவிட்ட பெரிய நாய் பெரும்பாலும் விலகிக்கொள்ளும். கட்டிய நாய்க்கும் குட்டி நாய்க்கும் பூனைக்கும் தப்ப வழியில்லை.

என் கவலை திண்ணைதான். தரையில் தூங்குகிறவர்களைக் கடிப்பது கட்டுவிரியன். வலி தெரியாது, பல் பட்ட தடமும் சரியாகத் தெரியாது. விடியும்போது வயிற்றுவலி என்பார்கள், இமை சொருகும். அதற்குப் பிறகு ஒரு நிமிடம்கூடத் தாமதிக்காமல் விஷமுறிவு மருந்தும் செயற்கைச் சுவாசக் கருவியும் உள்ள ஆஸ்பத்திரிக்குப் போக வேண்டும். இன்று ராத்திரியே பிள்ளைகளைக் கட்டிலில் படுக்க வைத்துக் கொசுவலையின் ஓரத்தை மெத்தைக்கு அடியில் நன்றாகச் செருகுங்கள். இன்னொன்று, தடித்த பாம்பெல்லாம் மலைப்பாம்பு இல்லை. முதுகில் சங்கிலி கோத்ததுபோல் வரிசையாக வட்டம் இருந்தால் அது கண்ணாடி விரியன், உங்கள் ஊரில் அணலி. மலைப்பாம்புக் குட்டி என்று நினைத்து யாரும் தொட வேண்டாம்.

இனி பட்டி. இதைத்தான் நான் எல்லோரிடமும் சண்டை பிடித்துச் சொல்வது. அந்தப் பாம்பு வெறும் வயிற்றோடு ஒரு சந்தில் நுழைந்தது, குட்டியை விழுங்கிய பின் அதே சந்தில் வெளியேற முடியாமல் மாட்டிக்கொண்டது. அந்தச் சந்தைத் தேடுங்கள். பெரும்பாலும் படலுக்கு அடியில், மண் அரித்த இடத்தில் இருக்கும். ஆடுகள் படுக்க மூன்று, நான்கு அடி உயரத்தில் பரண் போடுங்கள். பலகை இடைவெளி புழுக்கை விழும் அளவு, ஒன்றரை சென்டிமீட்டருக்குள் இருக்கட்டும். ஏறும் சாய்பலகையை ராத்திரி எடுத்துவிடுங்கள், பலரும் மறப்பது இதைத்தான். பக்கங்களுக்கும் கோழிக்கூண்டுக்கும் அரை அங்குலக் கண்ணுள்ள வெல்டு மெஷ் கம்பிவலை அடித்து, அடியை ஒரு அடி மண்ணில் புதைத்து விடுங்கள். நைலான் மீன்வலை வேண்டவே வேண்டாம், பாம்பு சிக்கி அறுபட்டுச் சாகும். பரணுக்கு அடியில் தீவன மூட்டை, மட்டைக் குவியல் இருந்தால் எலி வரும், எலிக்குப் பின்னால் எல்லாப் பாம்பும் வரும்.

மறுபடி மலைப்பாம்பு வந்தால் அடிக்காதீர்கள். வனவிலங்குச் சட்டத்தின் முதல் பட்டியலில் உள்ள உயிர், கொன்றால் குறைந்தது மூன்று ஆண்டு சிறை. கேரள வனத்துறையின் ‘சர்ப்பா’ செயலியில் பயிற்சி பெற்ற பிடிப்பாளர் எண் கிடைக்கும். போன குட்டிக்கு இழப்பீடு கேட்டு வனத்துறையிடம் விண்ணப்பம் கொடுங்கள். பாம்பு பட்டியில் கிடந்ததை யாராவது படம் எடுத்திருந்தால் அதையும் சேர்த்துக் கொடுங்கள்.