ஒரே பேர்ல ரெண்டு பிரஷ்ய இளவரசர்: எந்தத் தகவல் யாருக்குன்னு செக் பண்றது எப்படி?

வாசகர் கேள்வி இதுதான்: பிரஷ்ய தளபதி இளவரசர் ஃப்ரீட்ரிஷ் கார்ல் பத்தி எழுதிட்டிருக்கேன், ஒரு சைட்ல 1828ல பிறந்தார்னு இருக்கு, இன்னொன்னுல 1893, ஒருத்தர் முதல் படைத் தளபதிங்கறார், இன்னொருத்தர் இரண்டாம் படைங்கறார், எதை எடுத்துக்கறது?

முதல்ல அப்பா யாருன்னு பாருங்க. பிரஷ்யாவை (பழைய ஜெர்மன் ராஜ்யம்) ஆண்ட ஹோஹென்சாலர்ன் குடும்பத்துல ஃப்ரீட்ரிஷ், வில்ஹெல்ம், கார்ல்னு இதையே மாத்தி மாத்தி வெச்சிருக்காங்க, வெறும் பேரை வெச்சு தேடினா கண்டிப்பா குழம்பிடும். உங்க ஆளு இளவரசர் கார்லோட மகன், மன்னர் மூன்றாம் ஃப்ரீட்ரிஷ் வில்ஹெல்மோட பேரன், பிறந்தது 1828 மார்ச் 20, இறந்தது 1885 ஜூன் 15. அந்த 1893 ஆளு இவரோட பேரன், 1912 ஸ்டாக்ஹோம் ஒலிம்பிக்ஸ்ல குதிரையேற்றத்துல வெண்கலம் வாங்கினவர், முதல் உலகப்போர்ல பைலட்டா போய் 1917ல இறந்துட்டார். போட்டோவுல விமானம் இருந்தா அது தாத்தாவா இருக்கவே முடியாது, அதை தாத்தா கட்டுரைல போட்டுடாதீங்க.

படை விஷயத்துல ரெண்டு சைட்டுமே சரிதான், வருஷத்தைத்தான் விட்டுட்டாங்க. 1866 ஆஸ்திரியப் போர்ல இவர் கையில முதல் படை, இரண்டாம் படை இவரோட பெரியப்பா மகன் பட்டத்து இளவரசர் ஃப்ரீட்ரிஷ் வில்ஹெல்ம்கிட்ட. ஜூலை 3, கோனிக்ராட்ஸ்ல காலைல இருந்து இவர் படை பீரங்கி அடி வாங்கிட்டு நகர முடியாம நிக்குது, மத்தியானம் பட்டத்து இளவரசரோட படை பக்கவாட்டுல வந்து இறங்கினப்புறம்தான் சண்டையே திரும்புது. 1870 பிரெஞ்சுப் போர்ல இவருக்கு இரண்டாம் படை, பட்டத்து இளவரசருக்கு மூன்றாம் படை. அதனால இரண்டாம் படைத் தளபதின்னு மட்டும் போட்டிருந்தா போர் எதுன்னு பார்க்காம எடுக்கவே எடுக்காதீங்க. ஃபீல்ட் மார்ஷல் பட்டமும் ரெண்டு பேருக்கும் ஒரே நாள்தான், 1870 அக்டோபர் 28, பிரான்ஸோட மெட்ஸ் கோட்டை சரணடைய கையெழுத்தான மறுநாள்.

தேதிக்கு டாய்ச்ச பயோகிராஃபி (ஜெர்மன் வாழ்க்கை வரலாற்றுத் தொகுப்பு) சைட் நல்லாருக்கும், ஃப்ரீதான். பதவி உயர்வுக்கு அந்தந்த வருஷம் அச்சடிச்ச பிரஷ்ய ராணுவ ரேங்க் லிஸ்ட் பாருங்க, ஏன்னா போட்ஸ்டாம்ல இருந்த ராணுவ ஆவணக்காப்பகம் 1945 ஏப்ரல் குண்டுவீச்சுல பெரும்பாலும் எரிஞ்சு போச்சு, அச்சான புக்ஸ்தான் இப்போ துணை. பத்து சைட்ல ஒரே வரி ஒரே தப்போட இருந்தா அது பத்து ஆதாரம் இல்ல, ஒண்ணுதான்.

ஜெர்மன் படிக்க வராதுன்னா தளபதியோட மகள் வழியா போங்க. லூயிஸ் மார்கரெட்டுக்கு 1879 மார்ச் 13ல விண்ட்சர்ல கல்யாணம், மாப்பிள்ளை விக்டோரியா ராணி மகன் கன்னாட் டியூக் ஆர்தர் (டெல்லி கன்னாட் பிளேஸ் இவர் பேர்லதான்). அரச கல்யாணம்ங்கறதால அப்போ வந்த இங்கிலீஷ் பேப்பர்லயே பொண்ணோட அப்பா யாருன்னு செக் பண்ணிக்கலாம்.